மீனுக்கு வாய்தா கிடையாது

மதுரை,
8-3-1937

அன்புள்ள தவசிக்கு,

இங்கு அனைவரும் நலம். உன் நலமும் தங்கச்சி சீனியம்மாள் நலமும் அறிய ஆவல்.

முதலில் என் மானம் போன கதையைச் சொல்லி முடித்துவிடுகிறேன். வேறு யாராவது சொன்னால் கை கால் வைத்துச் சொல்லுவார்கள்.

நேற்று உங்கள் கண்மாயைப் பார்வையிட வந்த கோர்ட்டு கமிஷனருக்கு முன்னால் நடந்துகொண்டு, "இந்தப் பக்கம் தரை கெட்டி சார், தைரியமாக வாருங்கள்" என்று சொல்லி வாய் மூடுவதற்குள் நான் இடுப்பு வரை சேற்றில் இறங்கியதை நீ பார்த்தாய். நீங்கள் நாலு பேர் சேர்ந்து என்னை மேலே இழுத்தீர்கள். என் வேட்டியை இழுக்க ஆள் இல்லை. அது கண்மாய்க்குச் சொந்தமாகிவிட்டது. உன் தோளில் கிடந்த சிவப்புக் கரைத் துண்டை நீ அவிழ்த்துக் கொடுத்திராவிட்டால் வக்கீல் குமாஸ்தா கைலாசநாதன் அங்கேயே கெளுத்தி மீனோடு குடித்தனம் நடத்தியிருக்க வேண்டியதுதான்.

நீ பார்க்காதது அதற்குப் பிறகு நடந்தது. மேலே கறுப்புக் கோட்டு, கீழே முழங்கால் மறையாத உன் துண்டு. இந்தக் கோலத்தில் உசிலம்பட்டியில் பஸ் ஏறினேன். கண்டக்டர், "சாமி பழனிக்கா? அது எதிர்த்தாப்புல போற வண்டி" என்றான். வீட்டுக் கதவைத் தட்டினால் ஜானு பாதி திறந்து பார்த்துவிட்டு, "வெள்ளிக்கிழமை வாப்பா" என்று சாத்தப் போனாள். கட்டின மனைவி!

துண்டை வெளுக்கப் போட்டிருக்கிறாள். அடுத்த தடவை வரும்போது கொண்டுவந்து தருகிறேன்.

இனி வழக்கு. சங்கத்தாருக்கு நீ படித்துக் காட்டுவாய் என்பதால் தெளிவாக எழுதச் சொன்னார் நம் வக்கீல் விஸ்வேஸ்வரன். இத்தனை வருஷமாக உங்கள் கண்மாயின் மீன்பாசிக் குத்தகையை உங்கள் ஊர் வெள்ளைத்துரைதான் ஏலத்தில் எடுத்துக்கொண்டிருந்தார். நீங்கள் அவருக்குக் கூலிக்கு வலை இழுத்தீர்கள். இந்த வருஷம் மீன் பிடிக்கிறவர்கள் எல்லோரும் சேர்ந்து கூட்டுறவு சங்கம் வைத்தீர்கள். சர்க்கார் ஏலம் போடாமல் குத்தகையைச் சங்கத்துக்கே கொடுத்தது. 'பொதுக் கண்மாயை ஏலம் போடாமல் எப்படிக் கொடுக்கலாம்?' என்று வெள்ளைத்துரை பிராது போட்டிருக்கிறார். தீர்ப்பு வரும்வரை இரண்டு கட்சியும் வலை இறக்கக் கூடாது என்று கோர்ட்டு தடை போட்டிருக்கிறது. கொக்கும் நாரையும் மட்டும் இறங்கலாம். அவற்றின் பேரில் யாரும் தடை வாங்கவில்லை.

நமக்கே ஜெயம் என்கிறார் வக்கீல். அவர் அப்படிச் சொன்னதில் பாதி வழக்குகள் ஜெயித்தும் இருக்கின்றன.

இப்படிக்கு,
உன்னோடு படிப்பதற்காகவே ஐந்தாம் வகுப்பில் இரண்டு வருஷம் காத்திருந்த
கைலாசநாதன்


எழுமலை,
15-3-1937

அண்ணன் கைலாசநாதன் அவர்களுக்குத் தவசி வணக்கம்.

கடிதம் கிடைத்தது. சங்கத்தில் வைத்துப் படித்தேன். முதல் பாதியைத் திரும்பத் திரும்பப் படிக்கச் சொன்னார்கள். கோர்ட்டு விசயத்தை ஒருத்தரும் இன்னொரு தரம் கேட்கவில்லை. அவர்களைக் குற்றம் சொல்ல முடியாது அண்ணே. சிரித்து ரொம்ப நாளாகிறது.

சீனியம்மாள்தான் சிரிக்கவில்லை. "ஒத்தத் துண்டு வச்சிருக்க மனுசன், அதையும் வக்கீல் ஆபீசுக்குத் தானம் பண்ணிட்டு வாராரு" என்கிறாள். பரவாயில்லை, வரும்போது கொண்டுவாருங்கள்.

உங்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். வக்கீல் ஐயா ஜெயம் என்கிறார். எனக்கு ஜெயம் வேண்டாம், மீன் வேண்டும். சங்கம் வைக்கும்போது வீடு வீடாகப் போனவன் நான். கருப்பசாமி கோயில் முன்னால் சூடம் அணைத்து, 'இந்த வருசம் நம்ம வலை, நம்ம மீனு, நம்ம கூடை' என்று சத்தியம் செய்தவன் நான். அந்த ஒரு வார்த்தைக்காக வெள்ளைத்துரையிடம் கூலி வேண்டாம் என்று எல்லோரும் வந்தார்கள். வீட்டில் இருக்கிற நெல்லை அளந்து தின்றுகொண்டு என் முகத்தைப் பார்க்கிறார்கள். மீன் கைக்கு வராவிட்டால் அவர்கள் திரும்பப் போய் நிற்கவேண்டிய இடம் வெள்ளைத்துரை வாசல்தான். என்னை எங்கே நிறுத்துவார்கள் என்று எனக்குத் தெரியாது.

நேற்று காப்பிக் கடையில் வெள்ளைத்துரை எல்லாருக்கும் கேட்கிற மாதிரி, "என்ன மாப்ள தவசி, சங்கத்து மீனப் பொரிக்கிறதா, கொழம்பு வைக்கிறதான்னு முடிவாயிருச்சா?" என்றார். நான் காப்பியைக் குடிக்காமல் வந்துவிட்டேன்.

மாசிக்கே தண்ணீர் மடைக்குக் கீழே போய்விட்டது. சீக்கிரம் பாருங்கள்.

தவசி


மதுரை,
27-4-1937

அன்புள்ள தவசிக்கு,

இந்தக் கடிதத்தை எழுத மூன்று தடவை உட்கார்ந்தேன். நல்ல சேதியோடு எழுதலாம் என்று ஒவ்வொரு தடவையும் எழுந்துவிட்டேன். இனிமேல் காத்திருந்தால் அடுத்த சித்திரை வந்துவிடும்.

முதல் வாய்தாவில் எதிர்க்கட்சி வக்கீலின் மகளுக்குக் கல்யாணம். அடுத்ததில் கமிஷனர் அறிக்கை வரவில்லை. நான் சேற்றில் விழுந்த இடத்தை எப்படி இங்கிலீஷில் எழுதுவது என்று திகைத்துப்போனாரோ என்னவோ. அதற்கடுத்ததில் எதிர்க்கட்சி வக்கீலுக்குப் பல்வலி. கன்னத்தைப் பிடித்துக்கொண்டு வந்து நின்றார். அந்த வீக்கம் அவர் மகள் கல்யாணத்து அதிரசம் என்று கோர்ட்டு சிரஸ்தார் என் காதில் சொன்னார்.

நம் வக்கீல் சும்மா இருக்கவில்லை. 'கோர்ட்டே ஓர் ஆளைப் போட்டு மீனைப் பிடித்து விற்கட்டும். பணம் கோர்ட்டில் இருக்கட்டும். பிடிக்கிற கூலியாவது சங்கத்தாருக்குக் கிடைக்கும்' என்று மனுப் போட்டார். அதையும் தள்ளி வைக்கப் பார்த்தபோது எழுந்து, "பிரபு, மனுஷனுக்கு வாய்தா கொடுக்கலாம். மீனுக்கு வாய்தா கிடையாது. தண்ணீர் வற்றினால் செத்துப்போகும்" என்றார். கோர்ட்டே சிரித்தது. ஜட்ஜும் சிரித்தார். சிரித்துவிட்டு வாய்தா கொடுத்தார்.

அப்புறம் திருவிழா வந்தது. அழகர் ஆற்றில் இறங்குகிற நேரத்தில் அமீனாவையும் குமாஸ்தாவையும் யார் கோர்ட்டில் தேடுவார்கள்? நானும்தான் போனேன். கூட்டத்தில் ஒரு செருப்பை விட்டேன். உன் வழக்கில் சேர்ந்ததிலிருந்து இடுப்புக்குக் கீழே எனக்கு எதுவும் தங்குவதில்லை.

இப்போது சொல்லப் போவதுதான் கசப்பு. சனிக்கிழமையிலிருந்து கோர்ட்டுக்குக் கோடை விடுமுறை. திறக்க ஜூலை ஆகும். விடுமுறைக் காலத்து ஜட்ஜ் ஒருவர் உட்காருவார். அவரிடம் மனுவைக் கொண்டுபோகப் பார்க்கிறோம். அதுவரை ஒருவரும் கண்மாயில் கால் வைக்க வேண்டாம். குளிக்கக்கூட வேண்டாம். வெள்ளைத்துரை அதற்குத்தான் காத்திருக்கிறார்.

உன்,
கைலாசநாதன்


எழுமலை,
14-5-1937

அண்ணனுக்குத் தவசி வணக்கம்.

நாங்கள் கால் வைக்கவில்லை. மடைக் கல்லில் அமீனா ஒட்டிவிட்டுப் போன கோர்ட்டுக் காகிதத்தைக்கூட வெயில் தின்றுவிட்டது. நாங்கள் மட்டும் அதன் சொல்லைக் கேட்டுக்கொண்டு உட்கார்ந்திருக்கிறோம்.

கரையில் இந்தப் பக்கம் வெள்ளைத்துரை ஆட்கள் காவல். அந்தப் பக்கம் எங்கள் ஆட்கள் காவல். நடுவில் மீன் வாயைத் திறந்து திறந்து மூடுகிறது. தண்ணீர் தொடைக்கு வந்துவிட்டது. அதுவும் சுடுதண்ணீர். ஓரத்தில் கெண்டை வெள்ளையாக மிதக்க ஆரம்பித்துவிட்டது. பருந்துக்கு நல்ல காலம்.

உங்களுக்கு எங்கள் ஊர் வழக்கம் தெரியாது. தண்ணீர் முழங்காலுக்கு இறங்கினால் கண்மாய் அழிந்தது என்று அர்த்தம். அதற்குமேல் அது குத்தகைக்காரனுக்குச் சொந்தமில்லை. வயசில் மூத்த வலைக்காரர் கரை மேல் நின்று துண்டை வீசுவார். அதற்காகவே சுற்றுப்பட்டு ஊரெல்லாம் மீனைக் கவிழ்த்துப் பிடிக்கிற ஊத்தாக் கூடையோடு வந்து காத்துக் கிடக்கும். துண்டு வீசிவிட்டால் யார் வேண்டுமானாலும் இறங்கலாம். இறங்குகிறவன் திருடன் இல்லை. வெள்ளைத்துரைகூட இத்தனை வருசத்தில் அதைத் தடுத்ததில்லை.

இத்தனை வருசமாக வீசுகிறவர் எங்கள் மொக்கையன் பெரியப்பா. தினமும் காலையில் கரைக்குப் போய்க் கம்பை விட்டு ஆழம் பார்த்துவிட்டு என்னிடம் வருகிறார். "தவசி, சாகப்போற மீனுக்கு எதுக்குடா கோர்ட்டு? கட்டையில போறதுக்குள்ள எடுத்து நாலு புள்ளைக தின்னா ஆகாதா?" என்கிறார். அவர் வீட்டில் அடுப்பு எரியாத நாள் உண்டு என்று சீனியம்மாள் சொன்னாள். "பொறுங்க பெரியப்பா, மதுரையில அண்ணன் இருக்காரு" என்று சொல்லி அனுப்புகிறேன். எம்புட்டு நாளைக்குச் சொல்ல?

சின்னான் குடும்பத்தோடு போடி மலைக்கு ஏலக்காய்த் தோட்டத்துக்குப் போய்விட்டான். போகும்போது என்னிடம் சொல்லிக்கொள்ளவில்லை.

தவசி


மதுரை,
22-5-1937

அன்புள்ள தவசிக்கு,

நல்ல சேதி. விடுமுறை ஜட்ஜ் புதன்கிழமை மனுவை எடுத்துக்கொள்கிறார். இந்த மனிதருக்கு மீன் பிடிக்குமாம். பட்லர் மூலம் விசாரித்துவிட்டேன். மீன் தின்னாத நான் ஊரில் யார் யார் மீன் தின்கிறார்கள் என்று விசாரித்துக்கொண்டு திரிவதைப் பார்த்து ஜானுவுக்குச் சந்தேகமே வந்துவிட்டது. "வாய் கேட்டால் வெளியிலேயே முடித்துக்கொண்டு வாருங்கள். இந்த வீட்டில் உங்களுக்குத் தயிர்ச் சாதமும் மாவடுவும்தான்" என்று உத்தரவு. இந்த வருஷ மாவடு அமிர்தம். அதனால் பணிந்துவிட்டேன்.

புதன்கிழமை வரை கிழவரைப் பிடித்து வை. கட்டிப் போட்டாவது வை.

உன்,
கைலாசநாதன்


மதுரை,
4-6-1937

தவசிக்கு,

உத்தரவு கிடைத்தது. புதன்கிழமை, நான் சொன்ன அதே புதன்கிழமை. மீனைப் பிடிக்கலாம் என்று ஜட்ஜ் கையெழுத்துப் போட்டார். வக்கீல் என் முதுகில் தட்டினார். நான் தந்தி ஆபீசுக்கு ஓடினேன். தந்தி வாசகத்தை எழுதிக்கொண்டிருக்கும்போதுதான் உங்கள் ஊர்க் கணக்கப்பிள்ளை எதிரே வந்து, திங்கட்கிழமையே கண்மாய் அழிந்துவிட்டது, ஆயிரம் பேர் இறங்கிவிட்டார்கள், உளுவை அயிரைகூட மிச்சமில்லை என்றார்.

இரண்டு நாள், தவசி! இரண்டு நாள் பொறுக்க முடியவில்லையா?

வெள்ளைத்துரை மறுநாளே மனுப் போட்டுவிட்டார், கோர்ட்டு உத்தரவை மீறினாய் என்று. அதன் நகலை நம் ஆபீசுக்காக என் கையாலேயே எழுதினேன். 'சங்கத் தலைவர் தவசி கரை மேல் நின்று, தம்முடைய வழக்கமான சிவப்புக் கரைத் துண்டைத் தலைக்கு மேலே வீசி ஜனங்களை இறக்கிவிட்டதைக் கண்ணால் கண்டேன்' என்று ஒரு சாட்சி. வெறும் துண்டு என்று இருந்தால் பொய் என்று தள்ளியிருப்பேன். சிவப்புக் கரை என்று எழுதும்போது பேனாவைக் கீழே வைத்துவிட்டேன். ஐந்தாம் வகுப்பிலிருந்து உன்னைப் பார்க்கிறேன். அந்தத் துண்டு எனக்குத் தெரியாதா?

மொக்கையன் வீசியிருந்தாலாவது கிழவர், பழக்கதோஷம் என்று எதையாவது சொல்லிக் கெஞ்சலாம். நீ தலைவன். உனக்காக எத்தனை பேர் காலைப் பிடித்தேன் என்று உனக்குத் தெரியுமா? வக்கீல் என்னோடு பேசுவதில்லை. "உங்கள் சிநேகிதர்" என்று மட்டும் ஒரு தடவை சொன்னார். அதற்கு அவர் என்னை அடித்திருக்கலாம்.

இல்லை என்று ஒரு வார்த்தை எழுது. நம்புகிறேன்.

கைலாசநாதன்


எழுமலை,
9-6-1937

அண்ணனுக்குத் தவசி வணக்கம்.

ஆமாம், நான்தான் வீசினேன். அப்படியே எழுதிக்கொள்ளுங்கள்.

திங்கட்கிழமை விடிந்தபோது தண்ணீர் முழங்காலுக்குக் கீழே இருந்தது. கண்மாய் பூராவும் வெள்ளை. மீன் துள்ளுகிற சத்தம் மழை பெய்கிற மாதிரி இருந்தது. கரையில் நிற்க இடமில்லை. அம்புட்டு ஊரும் வந்திருந்தது. துண்டு மேலே போனதுதான் தெரியும். ஒரே ஓட்டம். எங்கள் ஆட்கள் கோர்ட்டுக்குப் பயந்து கடைசியாக இறங்கினார்கள். அவர்களுக்குக் கிடைத்தது சேறு. வெள்ளைத்துரையின் ஆட்கள் காவலுக்கு வைத்திருந்த கம்பைப் போட்டுவிட்டு இறங்கிக் கூடை கூடையாக அள்ளியதை எந்தச் சாட்சியும் சொல்ல மாட்டான்.

நான் நல்லாத்தான் யோசித்தேன் அண்ணே. கோர்ட்டுக்கு ஓர் ஆள் வேண்டும். என்னைத் தலைவர் என்று நாற்காலியில் உட்கார வைத்தது பின்னே எதற்கு?

மொக்கையன் பெரியப்பா தினமும் காலையில் வந்து என் வாசலில் குந்தியிருந்துவிட்டுப் போகிறார். கஞ்சி கொடுத்தால் குடிப்பதில்லை.

மதினியைக் கேட்டதாகச் சொல்லுங்கள்.

தவசி


மதுரை,
2-8-1937

தவசிக்கு,

நம் வீட்டிலிருந்து நீ இருக்கும் ஜெயில் கூப்பிடு தூரம். இருந்தும் தபால்தலை ஒட்டி எழுதுகிறேன். பஸ்ஸுக்குச் சில்லறை இல்லாவிட்டால் நடந்தே திருப்பரங்குன்றம் போகிறவன், உன்னைப் பார்க்க மட்டும் கால் வரவில்லை. நீ கோர்ட்டில், "ஆமாம், நான்தான்" என்று தலை நிமிர்ந்து சொன்ன அழகு இன்னும் கண்ணிலேயே நிற்கிறது. மன்னிப்புக் கேட்டிருந்தால் எச்சரித்து விட்டிருப்பார்கள். வக்கீல் கண் ஜாடை காட்டினார். நீ பார்க்கவே இல்லை.

ஒரு சேதி. போன வெள்ளிக்கிழமை உங்கள் மொக்கையன் நம் வீட்டுக்கு வந்தார். எழுமலையிலிருந்து நடந்தே வந்தாராம். நான் சாப்பிட்டுக்கொண்டிருந்தேன். என்ன விஷயம் என்று கேட்டேன். "ஐயா, தவசி..." என்றார். அதற்கு மேல் வரவில்லை. எனக்கு உன்மேல் இருந்த கோபம். "பெரியவரே, எல்லாம் முடிந்தது, ஊருக்குப் போங்கள்" என்றேன். ஜானுதான் உட்காரவைத்து இலை போட்டு, ஜாடியை அவிழ்த்து மாவடு எடுத்துப் பரிமாறினாள். இரண்டு வாய்தான் சாப்பிட்டார். ஜாடிப் பக்கமே பார்த்துக்கொண்டிருந்து பொலபொலவென்று அழுதுவிட்டார். இந்த வருஷ மிளகாய் காரம்தான் என்று ஜானு மோர் கொண்டுவருவதற்குள் எழுந்து போய்விட்டார்.

என்ன சொல்ல வந்தார் என்று உனக்குத் தெரிந்தால் எழுது.

கைலாசநாதன்


போடி மலை,
12-9-1937

அண்ணன் அவர்களுக்குத் தவசி வணக்கம்.

ஜெயிலிலிருந்து விட்டதும் ஊருக்குப் போனேன். மொக்கையன் பெரியப்பா ஆடிக் கடைசியில் செத்துப்போனாராம். மதுரைக்குப் போய்வந்து படுத்தவர் எழுந்திருக்கவில்லை. சங்கத்து ஆட்களில் பாதிப்பேர் மலையில் இருக்கிறார்கள். மீதிப்பேர் வெள்ளைத்துரையிடம் இருக்கிறார்கள். சங்கப் பலகையைக் கழற்றி யாரோ ஆட்டுக்கொட்டிலுக்குக் கதவு போட்டிருக்கிறார்கள். காப்பிக் கடையில் வெள்ளைத்துரை என்னைப் பார்த்ததும் எழுந்து எனக்கு இடம் விட்டார். அதற்குமேல் அந்த ஊரில் இருக்க முடியவில்லை. சீனியம்மாளோடு இங்கே வந்துவிட்டேன். ஏலக்காய்க் காட்டில் வேலை. குளிரும் அட்டையும்தான்.

நீங்கள் கேட்டதற்குப் பதில். அவர் என்ன சொல்ல வந்தார் என்று எனக்குத் தெரியும். இனி அதை எழுதி என்ன?

கோர்ட்டில் என்னென்னமோ கேட்டார்கள். சிவப்புக் கரைத் துண்டுதானா என்றார்கள். ஆமாம் என்றேன். அந்தத் துண்டு எங்கே, கொண்டுவா என்று கேட்டுவிடுவார்களோ என்று பயந்துகொண்டு நின்றேன். ஒருத்தரும் கேட்கவில்லை. அப்போது உங்கள் முகத்தைப் பார்த்தேன். நீங்கள் குனிந்து எழுதிக்கொண்டு இருந்தீர்கள். அதுவும் நல்லதுக்குத்தான்.

உங்கள்மேல் எனக்கு வருத்தம் இல்லை. நம்புங்கள்.

தவசி


மதுரை,
20-11-1937

அன்புள்ள தவசிக்கு,

ஜெயித்துவிட்டோம். சங்கத்துக்கு ஏலமில்லாமல் குத்தகை கொடுத்தது செல்லும் என்று தீர்ப்பாகிவிட்டது. வக்கீல் என்னோடு பேச ஆரம்பித்துவிட்டார். கொண்டாடலாம் என்று வெளியே வந்தேன். யாரோடு கொண்டாடுவது என்று தெரியவில்லை. ஒரு சோடாவை வாங்கித் தனியாகக் குடித்தேன். அது மூக்கில் ஏறியது.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். ஐப்பசி மழையில் உங்கள் கண்மாய் நிரம்பி மறுகால் போகிறதாம். மீன் கரையில் வந்து குதிக்கிறதாம். ஆனால் போன குத்தகை வருஷம் ஜூனோடு முடிந்துவிட்டது. இந்த வருஷத்துக்குக் கொடுக்கலாம் என்றால், சங்கத்தில் ஆள் இல்லை. ஆகையால் கண்மாய் மறுபடி ஏலத்துக்கு வருகிறது. யார் எடுப்பார் என்று நான் எழுத வேண்டியதில்லை.

நீ ஏன் என் முகத்தைப் பார்த்தாய் என்று யோசித்து யோசித்துப் பார்க்கிறேன், பிடிபடவில்லை. உன் கோபத்தை நீ மறைத்துக்கொள்கிறாய் என்றே நினைக்கிறேன். நானும் என் கோபத்தை விட்டுவிட்டேன். நீ துண்டை வீசியதை மன்னித்துவிட்டேன் என்று எழுதத்தான் இந்தக் கடிதம். திரும்பி வா. ஆள் சேர்ப்போம். வேண்டுமானால் நானும் சங்கத்தில் சேருகிறேன். சேற்றில் இறங்கிய அனுபவம் உண்டு.

என்றும் உன்,
கைலாசநாதன்

தவசி, கடிதத்தை ஒட்டப் போகும்போது ஜானு வந்தாள். மாவடு தீர்ந்துவிட்டதாம், ஜாடியைக் கழுவப் போகிறாளாம். வாயில் கட்டியிருந்த துணியை என்ன செய்வது என்று கேட்டாள். சிவப்புக் கரை போட்டிருக்கிறது. மார்ச்சில் வெளுத்து வந்த அன்றைக்குக் கட்டினதாம்.